தூரத்து நீலம், பக்கத்துச் சிவப்பு

ஊவா மலைகளின் தோட்டப் பெயர்களை ஒரு தாளில் வரிசையாக எழுதிப் பார்த்தால், ஒரே மலைத்தொடரில் எத்தனை நாடுகள் வந்து குடியேறியிருக்கின்றன என்பது தெரியவரும். அப்புத்தளைப் பக்கம் கிளெனனோர், கெல்பர்ன். பண்டாரவளையில் கிறேக். பதுளைக்கு அருகே கிளென் அல்பின். பசறையில் யூரி. இவற்றுக்கு நடுவே பூனாகலை, தம்பத்தென்ன, மீரியபெத்தை என்று சிங்களத்தில் வேரூன்றிய பெயர்கள். இத்தனையையும் நாள்தோறும் உச்சரித்துக்கொண்டு கொழுந்து பறிப்பவர்களோ தமிழ் பேசுகிறவர்கள். பெயர் வைத்தவர் ஒருவர், சுமந்தவர் வேறொருவர். இந்த விசித்திரத்தை ஆராயப் புகுந்தபோது அது நிறங்களைப் பற்றிய ஆராய்ச்சியாக மாறிற்று. கடைசியில் நம்முடைய சொந்த மரபைப் பற்றிய கேள்வியில் கொண்டுபோய் நிறுத்திற்று.

முதலில் பாறையிலிருந்து தொடங்குவோம். பூனாகலை என்ற பெயரின் வாலில் இருப்பது சிங்களக் ‘கல’. பாறை என்பது பொருள். ராகலையிலும் அதுவே இருக்கிறது. தமிழர் நாவில் அது ‘கலை’ ஆகிவிட்டது. பண்டாரவளையின் கிறேக் தோட்டத்துப் பெயர், ஸ்கொட்லாந்தின் கேலிக் மொழிச் சொல் ஒன்றின் ஆங்கிலத் திரிபு. அதற்கும் பாறை, கற்குன்று என்றுதான் பொருள். கிளென் என்றால் அதே மொழியில் மலையிடைப் பள்ளத்தாக்கு. ஆக, ஒரு தோட்டத்திலிருந்து அடுத்த தோட்டத்துக்குக் கலியாணம் முடித்துப் போகிற பெண், பாறையிலிருந்து பாறைக்குத்தான் போகிறாள். இரண்டு மொழிகள் ஒரே பொருளைச் சொல்லிக்கொண்டிருக்க, மூன்றாவது மொழிக்காரி அந்தப் பொருளின் மேல் நின்று வேலை செய்கிறாள்.

மலையகத்துத் துரைமாரில் பெருந்தொகையினர் ஸ்கொட்லாந்துக்காரர் என்பது யாவரும் அறிந்தது. அவர்கள் தங்கள் ஊர்களை நினைத்துக்கொண்டு பெயர் வைத்தார்கள் என்பதும் தெரிந்ததே. ஆனால், அந்தப் பெயர்கள் எந்த மொழியில் பிறந்தனவோ அந்தக் கேலிக் மொழியை அவர்களில் மிகப் பலர் பேசியவர்கள் அல்லர் என்பதை நாம் கவனிப்பதில்லை.

ஜேம்ஸ் டெய்லரை எடுத்துக்கொள்வோம். 1852இல் இலங்கைக்கு வந்தவர். 1867இல் லூல்கந்துரவில் 19 ஏக்கரில் தேயிலை பயிரிட்டு வணிகப் பயிராக அதற்கு அடித்தளம் இட்டவர். அவர் பிறந்தது ஸ்கொட்லாந்தின் கீழைக் கடலோரத்துக் கின்காடின் மாவட்டத்தில், ஓக்கன்பிளே என்ற ஊருக்கு அருகில். அந்த ஊர்ப் பெயருக்குக் கேலிக்கில் ‘பூக்களின் வயல்’ என்று பொருள் சொல்வார்கள். ஆனால் டெய்லரின் காலத்துக்கு நெடுநாள் முன்பே அந்தக் கடலோரத்தில் கேலிக் ஒழிந்து, ஆங்கிலத்துக்கு உறவான ஸ்கொட்ஸ் மொழி வழக்குக்கு வந்துவிட்டது. பசறைத் தோட்டத்தின் பெயரான யூரி என்பதே பெயராக ஒரு பழைய மாளிகையும் அதே மாவட்டத்தில் ஸ்டோன்ஹேவன் கடற்கரைக்கு அருகே உண்டு. அந்தக் கரையில் மொழி போய்ப் பெயர்கள் மட்டும் எஞ்சியிருந்தன. கீழக்கரையிலும் காயலிலும் சங்கு வாணிபம் அறிந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. உயிருள்ள சங்குக்கு ஒரு விலை, உயிர் போய்க் கரையொதுங்கிய சங்குக்கு வேறு விலை. துரைமார் கப்பலேற்றி நம் மலைகளுக்குக் கொண்டுவந்தவை பெரும்பாலும் கரையொதுங்கிய சங்குகள்.

உயிருள்ள சங்கு அப்போது எங்கே இருந்தது? வடக்கிலும் மேற்கிலும், மலைநாட்டிலும் தீவுகளிலும் இருந்தது. அங்கே கேலிக் பேசிய ஏழைக் குடியானவர்கள், 18ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலிருந்து 19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை, செம்மறியாட்டுப் பண்ணைகளுக்கு இடம் விடுவதற்காக நிலப்பிரபுக்களால் பள்ளத்தாக்குகளிலிருந்து வெளியேற்றப்பட்டார்கள். சதர்லாந்து மாவட்டத்தில் 1814இலும் 1819இலும் நடந்த வெளியேற்றங்களில் வீடுகளின் கூரைகள் கொளுத்தப்பட்டன. உள்நாட்டு உழவர்களைக் கடற்கரைக்குத் துரத்தி, சிறு துண்டு நிலத்தைக் கொடுத்து, மீன் பிடித்துப் பிழைக்கச் சொன்னார்கள். பலர் கப்பலேறிக் கனடாவுக்குப் போனார்கள். அதே சதர்லாந்தின் கீழ்க்கரை மீனவக் கிராமங்களான புரோரா, கோல்ஸ்பி, எம்போ ஆகியவற்றில் நான்சி டோரியன் என்ற அமெரிக்க மொழியியலாளர் 1963 முதல் ஆய்வு செய்தார். ஒரு மொழி எவ்வாறு படிப்படியாக இறக்கிறது என்பதை 1981இல் நூலாக எழுதினார். மீனவர் என்ற இழிவும் கேலிக் என்ற இழிவும் ஒன்றாகவே பார்க்கப்பட்டதால், பெற்றோர் பிள்ளைகளுக்கு அந்த மொழியைக் கொடுக்காமல் விட்டார்கள் என்பது அந்த ஆய்வில் தெரியவந்த துயரம். 1872ஆம் ஆண்டின் கல்விச் சட்டத்திலும் கேலிக்குக்கு இடமில்லாமற் போயிருந்தது.

மலையிலிருந்து கரைக்கு இறக்கப்பட்டவர்கள் அவர்கள். அதே நூற்றாண்டில் கரையிலிருந்து மலைக்கு ஏற்றப்பட்டவர்கள் நம் நாட்டில் இருந்தார்கள். தமிழகத்துக் கிராமங்களிலிருந்து கடல் கடந்து, மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியாக மாத்தளை வரை நடந்து, வழியிலேயே பலரைப் பறிகொடுத்து மலையேறியவர்கள். ஒருவருடைய மொழியின் பெயர்கள் மற்றவருடைய முகவரியாயின. ஆனால் இருவரும் ஒருவரையொருவர் ஒருநாளும் சந்திக்கவில்லை.

இனி நிறத்துக்கு வருவோம்.

கேலிக் மொழியில் நிறப் பெயர்கள் நாம் எதிர்பார்க்கும் இடத்தில் கோடு கிழிப்பதில்லை. ‘கொரொம்’ என்ற சொல் நீலத்தைக் குறிக்கும்; செழித்த புல்லின் நிறத்தையும் குறிக்கும். ‘கிளாஸ்’ என்பது சாம்பல் நிறம். இளம் பயிரின் பச்சையும் அதுவே. லிப்டன் பிறந்த கிளாஸ்கோ நகரின் பெயருக்குப் ‘பசும்பள்ளம்’ என்று பொருள் சொல்வது வழக்கம். அது கேலிக்குக்கு உறவான ஒரு பழைய மொழியில் பிறந்த பெயர். சிவப்பிலும் இரண்டு உண்டு. இரத்தச் சிவப்புக்கு ஒரு சொல், செம்மண்ணுக்கும் செம்பட்டை மயிருக்கும் வேறொரு சொல்.

இது நமக்கு அந்நியமானதா என்றால் இல்லை. சிங்களத்தில் ‘நில்’ என்றால் நீலம். ஆனால் ‘நில்ல’ என்றால் பசுமை. பழந்தமிழில் திருமாலின் மேனி கருமையாகவும் நீலமாகவும் பச்சையாகவும் மாறி மாறிச் சொல்லப்படும். அரபியில் வானத்தைக் ‘கழ்ரா’, அதாவது பச்சையானவள் என்றும், பூமியைக் ‘கப்ரா’, அதாவது புழுதி நிறத்தாள் என்றும் சொல்லும் மரபு உண்டு. அபூதர் (ரலி) அவர்களின் வாய்மையைப் புகழ்ந்து வந்த ஹதீஸை ஓதியவர்கள் இவ்விரு சொற்களையும் அறிவார்கள். ஈராக்கின் வளமான விளைநிலத்துக்கு அரபிகள் வைத்த பெயர் ‘ஸவாத்’, அதாவது கருமை. பாலையிலிருந்து வருகிறவனின் கண்ணுக்கு அடர்ந்த பசுமை தூரத்தில் கறுப்பாகவே தெரிந்திருக்கிறது.

பார்க்கிறவன் எங்கே நிற்கிறான் என்பது இங்கே முக்கியமாகிறது. இதற்குக் கேலிக்கிலேயே மிகத் தெளிவான சான்று ஒன்று இருக்கிறது. ஸ்கொட்லாந்தின் வடகிழக்கில் உள்ள பெரும் மலைத்தொடரை உலகம் கெயர்ன்கோம் என்று அழைக்கிறது. நீலக் குன்று என்று பொருள். அது உண்மையில் தொடரிலுள்ள ஒரு சிகரத்தின் பெயர்தான். ஆங்கிலத்தில் தொடர் முழுவதற்கும் அதுவே பெயராகிவிட்டது. ஆனால் அந்த மலைகளின் அடியில் வாழ்ந்த கேலிக் மக்கள் அதே தொடருக்கு வைத்திருந்த பெயர் ‘மொனக் ருவா’, செம்மலை. அதன் கருங்கல்லில் இளஞ்சிவப்பு ஓடுகிறது. எட்ட நின்றவர்களின் ஏடுகளில் நீலமும் காலடியில் வாழ்ந்தவர்களின் வாயில் சிவப்பும் தங்கிவிட்டன. தேசப்படத்தில் ஏறியது தூரத்துப் பெயர்.

கோகிலம் சுப்பையா தம்முடைய மலையக நாவலுக்குத் ‘தூரத்துப் பச்சை’ என்று பெயர் வைத்ததன் ஆழம் எனக்கு இந்தச் செம்மலைக் கதையை அறிந்த பிறகே முழுதாகப் பிடிபட்டது. தூரத்திலிருந்து பார்த்தால் ஊவா பச்சை. அப்புத்தளைக்கு மேலே, தம்பத்தென்னவுக்கு அப்பால், லிப்டன் உட்கார்ந்து பார்த்ததாகச் சொல்லப்படும் இடத்தில் நின்றால் அடுக்கடுக்காக நீலம். வானம் தெளிந்த நாளில் தெற்குக் கடல் வரை தெரியும் என்பார்கள். 1890இல் இலங்கைக்கு வந்த தோமஸ் லிப்டன் இந்தச் சரிவுகளில் தோட்டங்களை வாங்கி, உலகத்துக்கு மஞ்சள் பொட்டலத்தில் விற்றார். பச்சை, நீலம், மஞ்சள் மூன்றும் தூரத்து நிறங்கள்.

பக்கத்து நிறங்கள் வேறு. 1869இல் இந்த ஊவாவிலேயே, மடுல்சீமையில்தான், கோப்பி இலையின் அடிப்புறத்தில் துருப்போன்ற செம்மஞ்சள் தூள் முதன்முதலாகக் கண்டுபிடிக்கப்பட்டது. அந்தப் பூஞ்சண நோய் இருபது ஆண்டுகளுக்குள் கோப்பிச் செய்கையை அழித்து, தேயிலைக்கு இடம் விட்டது. பறிக்கும்போது பச்சையாக இருக்கும் கொழுந்து, ஸ்டோரில் வாடி, நசுங்கி, செம்பு நிறமாகிக் கடைசியில் கறுக்கிறது. கூடை சுமந்த பெண்ணின் விரல்களிலும் அந்தக் கறை ஏறிவிடுகிறது. மழைக்காலத்தில் கால்வைக்கும் இடமெல்லாம் செம்மண்.

ஆட்பெயர்களிலும் இந்த நிறங்கள் இருக்கின்றன. டஃப் என்ற ஸ்கொட்லாந்துக் குடும்பப் பெயர் கேலிக்கில் கறுப்பு என்ற சொல்லிலிருந்து வந்தது. பெயின் என்றால் வெள்ளை. ராப் ராய் என்ற பேர்போன வீரனின் ராய், செம்பட்டைத் தலையைக் குறித்தது. நம் மரபில் அபுல் அஸ்வத், ஹுமைரா என்ற பெயர்கள் உண்டு. பிரட்டுக் களத்தில் கறுப்பையாவையும் வெள்ளையம்மாவையும் கணக்கப்பிள்ளை கூப்பிட்டுக்கொண்டிருந்த அதே வேளையில், பங்களாவில் டஃப் என்றொரு துரை இருந்திருந்தால் அவரும் ஒரு கறுப்பையாதான். அதைச் சொல்வதற்கு அவருக்கும் மொழி போய்விட்டிருந்தது, கேட்பதற்கு இவருக்கும் வழியில்லை.

தோட்டத் தமிழில் ‘பேர்’ என்ற சொல்லுக்கு ஒரு தனிப்பொருள் உண்டு என்பதையும் இங்கே சொல்லவேண்டும். ஒரு நாள் வேலைக்கான பதிவு, அதற்குரிய சம்பளம், இரண்டும் ‘பேர்’தான். நிர்ணயித்த கொழுந்து குறைந்தால் ‘அரைப்பேர்’. முழு மனிதனின் ஒரு நாளைப் பாதிப் பெயராக எழுதுகிற கணக்கு உலகத்தில் வேறெங்கும் உண்டா என்று எனக்குத் தெரியவில்லை. துரையின் தோட்டத்துக்கு முழுப்பெயர் பலகையில். அதில் உழைத்தவளுக்கு அரைப்பேர் கொப்பியில்.

முஸ்லிம்களாகிய நாம் இந்தக் கதையில் வெறும் பார்வையாளர்கள் அல்லர். கண்டி அரசர் காலத்தில் மடிகே என்னும் பொதிமாட்டுப் போக்குவரத்துப் பகுதியில் சோனகர் பெரும் பங்கு வகித்தார்கள். கரையிலிருந்து உப்பும் கருவாடும் மலைக்கு, மலையிலிருந்து பாக்கு கரைக்கு என்று தவளம் ஓட்டியவர்கள் நம்மவர்கள். 1817இல் ஆங்கிலேயர் வெல்லஸ்ஸைப் பகுதிக்கு ஒரு சோனகரை முகாந்திரமாக நியமித்ததும், அது ஊவாப் பெருங்கிளர்ச்சிக்கான காரணங்களுள் ஒன்றாகச் சொல்லப்படுவதும் வரலாறு. தவளம் நின்று வண்டி வந்தபோதும், 1924இல் இரயில் பதுளையை எட்டியபோதும், தோட்டத்துக் கடைவீதிகளில் நம்மவர் கடைகள் இருந்தன. தொழிலாளிக்குத் துரை எட்டாத தூரம்; நானா கடை எட்டும் தூரம்.

கரை மலைக்கு அனுப்பியது உப்பு மட்டுமன்று. ஊவாத் தேயிலையின் பேர்பெற்ற மணம் ஜூலை முதல் செப்டெம்பர் வரை வீசும் வறண்ட காற்றில் விளைகிறது. அந்தக் காற்றுக்குத் தேயிலை வியாபாரிகளின் ஆங்கிலத்திலும் கச்சான் என்றே பெயர். கச்சான், கொண்டல், வாடை, சோழகம் என்பவை தோணி செலுத்தியவர்களின் சொற்கள். ஒரு கடற்கரைத் தமிழ்ச்சொல் ஐயாயிரம் அடி ஏறிவந்து, ஏலச்சந்தை வரை போயிருக்கிறது. இதற்கு எந்தத் தோட்டத்திலும் பலகை இல்லை.

எங்கள் குடும்பத்திலும் பூனாகலைப் பக்கத்தில் ஒரு கடை இருந்தது. வாப்பாவின் வாப்பா எழுதிய கடன் கொப்பிகளில் சில இன்னும் என்னிடம் இருக்கின்றன. சில பக்கங்கள் தமிழெழுத்தில், சில அரபுத்தமிழில். ஆளின் பெயருக்குப் பக்கத்தில் இடம் எழுதியிருக்கிறார். தோட்டத்தின் ஆங்கிலப் பெயர் அபூர்வம். மேற்கணக்கு, பணியக்கணக்கு, கோயிலடி லயம், ஆற்றோரத்து லயம், செம்மண் மேடு என்றுதான் எழுதியிருக்கிறார். மக்கள் தாமே இட்டு, தாமே வழங்கிய பெயர்கள். நிறமும் உண்டு, திசையும் உண்டு, தெய்வமும் உண்டு. அரிசிக் கணக்கு எழுத உட்கார்ந்தவர், தம்மையறியாமல் ஒரு மலையின் பக்கத்துப் பெயர்களைப் பதிவு செய்துவிட்டார்.

ஆனால் அந்த அரபுத்தமிழ்ப் பக்கங்களை என் பிள்ளைகளால் வாசிக்க முடியாது. ஓதத் தெரியும் என்பதால் எழுத்துத் தெரியும். அந்த எழுத்தில் தமிழ் இருக்கிறது என்பது தெரியாது. ஓக்கன்பிளேக்காரனுக்குத் தன் ஊர்ப் பெயரில் பூ இருப்பது தெரியாமற் போனதற்கும் இதற்கும் அதிக வித்தியாசமில்லை.

பூனாகலை நாட்டில் இந்தப் பெயர்கள் மறதியால் மட்டும் அழிவதில்லை. 2014 ஒக்டோபர் 29ஆம் திகதி காலை, கொஸ்லந்தைக்கு அருகே மீரியபெத்தையில் மலை சரிந்து லயன் வரிசைகளை மூடியது. அபாயம் உள்ள இடமென்று தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் 2005இலும் 2011இலும் எச்சரித்திருந்தும் மக்களுக்கு மாற்றிடம் கிடைத்திருக்கவில்லை. தப்பியவர்களுக்கு 2016இல்தான் வேறிடத்தில் வீடுகள் கையளிக்கப்பட்டன. 2023 மார்ச்சில் பூனாகலை கபரகலைத் தோட்டத்தில் மறுபடியும் சரிவு. 2025 நவம்பர் இறுதியில் வந்த டிட்வா புயலில் பதுளை மாவட்டமெங்கும் மண்சரிவுகள். தூரத்திலிருந்து பச்சையாகத் தெரிந்த மலை, பக்கத்திலிருந்தவர்கள் மேல் சிவப்பாக இறங்கியது. ஒரு லயம் புதைந்தால் அதன் பெயரும் புதைகிறது. இடம்பெயர்ந்தவர்களுக்குக் கிடைப்பது வீட்டுத்திட்டத்தின் இலக்கம். வீட்டு இலக்கமும் வீதிப் பெயரும் கொண்ட தனி முகவரி இல்லாமல், தோட்டத்தின் பெயரிலேயே கடிதம் பெற்றுவந்த மக்களுக்கு, அந்த வாய்மொழிப் பெயர்கள்தான் இதுவரை இருந்த ஒரே சொந்த முகவரி.

கேலிக் மக்கள் பிந்தியேனும் விழித்துக்கொண்டார்கள். மேலைத் தீவுகளில் நெய்யப்படும் ஹரிஸ் கம்பளித் துணிக்கு ஒரு காலத்தில் பாறைப் பாசியிலிருந்து செம்பழுப்புச் சாயம் எடுத்தார்கள். அந்தச் சாயமிட்ட உடையை மீனவர்கள் கடலுக்கு அணிந்து போக அஞ்சினார்களாம்; பாறையிலிருந்து வந்தது பாறைக்கே திரும்பும், கடலடிக்கு இழுக்கும் என்பது நம்பிக்கை. 1993இல் ஒரு சட்டம் வந்தது. அந்தத் தீவுகளில் வாழ்கிறவர்கள், தங்கள் வீட்டில் வைத்துக் கையால் நெய்த துணிக்கே அந்தப் பெயர் செல்லும். பெயர் அந்த மக்களோடும் அவர்கள் வீட்டோடும் கட்டப்பட்டுவிட்டது. நம் நாட்டுத் தேயிலையின் சிங்கச் சின்னமோ, தேயிலை எங்கே விளைந்தது, எங்கே பொதி செய்யப்பட்டது என்று கேட்கிறது. பறித்தவளுக்கு வீடு உண்டா என்று கேட்பதில்லை. மொழிக்கும் 2005இல் ஒரு சட்டம், 2025இல் உத்தியோக அந்தஸ்துக்கு இன்னொரு சட்டம் ஸ்கொட்லாந்தில் வந்தன. 2022 குடிசன மதிப்பீட்டில் சுமார் 69,700 பேர் கேலிக் பேசுவதாகச் சொன்னார்கள். கூட்டம் சிறிதுதான். ஆனாலும் பலகையில் எஞ்சிய பெயருக்குள் மறுபடி உயிரைக் குடியேற்ற முயல்கிறார்கள்.

கிளென்களையும் கிறேக்குகளையும் அழித்துவிட்டு வேறு பெயர் எழுத வேண்டுமென்று நான் சொல்ல வரவில்லை. அந்தப் பெயர்களும் ஒரு துரத்தப்பட்ட மக்களின் எச்சங்களே. அவற்றுக்குப் பக்கத்தில் மற்றப் பெயர்களுக்கும் இடம் வேண்டும். அதற்கு அரசாங்கத்தை எதிர்பார்க்குமுன் நாம் செய்யக்கூடிய ஒன்று இருக்கிறது. பதுளை, பண்டாரவளை, அப்புத்தளை, பசறை, லுணுகலைக் கடைவீதிகளில் நம் முன்னோர் எழுதிய கொப்பிகள் இன்னும் சில வீடுகளின் பரண்களில் கிடக்கின்றன. கறையான் தின்னுமுன் அவற்றை இறக்கி, அரபுத்தமிழ் வாசிக்கத் தெரிந்த பெரியவர் ஒருவரை அருகில் இருத்தி, இடப்பெயர்களை மட்டுமாவது எடுத்தெழுதி வையுங்கள். பின்னர் அந்தப் பட்டியலோடு தோட்டத்துக்குப் போய், அந்தப் பெயர்களைச் சொல்லி வளர்ந்தவர்களிடம் ஒவ்வொரு சரிவையும் காட்டிக் கேளுங்கள். கொப்பி நம்முடையதாக இருந்தாலும் பெயர்கள் அவர்களுடையவை. கடன் தீர்ந்த பக்கங்களிலும் அந்த ஒரு கடன் இன்னும் தீராமல் கிடக்கிறது.